எல்லிஸ்: தென்னக மொழிகளின் 'பொது மூதாதை'யைத் தேடியவர்... மதுரையில் அடுப்புக்குப் போன காகிதங்கள்!

தமிழும் தெலுங்கும் சொந்தக்கார மொழிகள் என்று இன்று பள்ளிப் பிள்ளைகளே சொல்வார்கள். ஆனா 200 வருஷத்துக்கு முன்னாடி நிலைமை வேற. தென்னிந்திய மொழிகள் சமஸ்கிருதத்திலிருந்து பிறந்தவை என்றுதான் ஐரோப்பிய அறிஞர்கள் பலரும் நம்பினார்கள். அது சரியல்ல என்று 1816-லேயே ஆதாரத்தோடு அச்சில் காட்டியவர் ஓர் ஆங்கிலேய அதிகாரி. பெயர் பிரான்சிஸ் வைட் எல்லிஸ். யார் இவர்?

பொது மூதாதைன்னா என்ன?

உங்கள் குடும்ப மரத்தை நினைத்துப் பாருங்கள். நீங்கள் ஒரு கிளை, உங்கள் சித்தப்பா மகன் இன்னொரு கிளை. இரண்டு பேரும் மேல்நோக்கி ஏறினால் முதலில் சந்திக்கும் இடம் தாத்தா. கொள்ளுத்தாத்தாவும் பொதுவானவர்தான், ஆனா மிக அருகில் இருப்பவர் தாத்தா.

இதே கணக்கு கணினித் துறையிலும் உண்டு. 1973-ல் ஆஹோ, ஹாப்கிராஃப்ட், உல்மன் என்ற மூவர் இதை ஆராய்ந்து எழுதினார்கள். இன்று பைத்தான் மொழிக்கான 'நெட்வொர்க்எக்ஸ்' போன்ற மென்பொருள் தொகுப்புகளில் இதற்கென்றே தனிக் கோப்பு இருக்கு. இரண்டு கிளைகளைக் கொடுத்தால், பொது மூதாதையைச் சொல்லிவிடும்.

ஆனா ஒரு நிபந்தனை. மரம் முதலில் கையில் இருக்கணும். எல்லிஸிடம் அந்த மரமே இல்லை.

சென்னைக்கு வந்த இளைஞர்

1796-ல் கிழக்கிந்தியக் கம்பெனியின் எழுத்தராகச் சென்னை வந்தார் எல்லிஸ். 1810-ல் சென்னை கலெக்டர் ஆனார். புதிதாக வரும் அதிகாரிகளுக்கு உள்ளூர் மொழிகளைக் கற்றுத்தர 1812-ல் புனித ஜார்ஜ் கோட்டைக் கல்லூரி தொடங்கப்பட்டதில் இவருக்குப் பெரிய பங்கு உண்டு. பட்டாபிராம சாஸ்திரி, சங்கரய்யா போன்ற உள்ளூர் அறிஞர்களோடு உட்கார்ந்து வேலை பார்த்தார்.

திருக்குறள் மேல் அவருக்குத் தனிப் பிரியம். அதன் ஒரு பகுதிக்கு ஆங்கிலத்தில் மொழிபெயர்ப்பும் விளக்கமும் எழுதினார். சென்னையில் தண்ணீர்ப் பஞ்சம் வந்தபோது 27 கிணறுகள் வெட்டச் செய்தார். ராயப்பேட்டையில் வைத்த கிணற்றுக் கல்வெட்டில் குறளும் இடம்பெற்றது.

எப்படிக் கண்டுபிடித்தார்?

குழப்பத்துக்குக் காரணம், கடன் வாங்கிய சொற்கள். தெலுங்கில் சமஸ்கிருதச் சொற்கள் ஏராளம். மேலோட்டமாகப் பார்த்தால் தாய்–மகள் உறவு போலவே தெரியும். எல்லிஸ் கடன் சொற்களை ஒதுக்கிவிட்டு, வேர்ச்சொற்களைத் தனியாக எடுத்தார். தெலுங்கு வேர்களை ஒரு பக்கம் சமஸ்கிருதத்தோடும், இன்னொரு பக்கம் தமிழ், கன்னட வேர்களோடும் ஒப்பிட்டார். வாக்கிய அமைப்பையும் பார்த்தார்.

எளிதாகப் புரிய ஓர் உதாரணம். தமிழில் மூன்று, தெலுங்கில் மூடு, கன்னடத்தில் மூரு. சமஸ்கிருதத்திலோ 'த்ரி'. எந்த மொழி எந்த வீட்டுப் பிள்ளை என்று இதிலேயே தெரியுதா?

இப்படி ஒரு சொல் பொருந்தினால் தற்செயலாக இருக்கலாம். வரிசை வரிசையாகப் பொருந்தும்போது உறவை மறுக்க முடியாது. மலையாளம், துளு, குடகு மொழிகளையும் இந்தக் குடும்பத்தில் சேர்த்தார். ராஜ்மஹால் மலைவாசிகளின் மொழிக்கும் இதோடு தொடர்பு உண்டு என்றார். ஏ.டி.கேம்ப்பெல் எழுதிய தெலுங்கு இலக்கண நூலின் முன்னுரைக்கான குறிப்பாக 1816-ல் இது வெளியானது.

மதுரையில் நடந்தது என்ன?

நாற்பது வயது ஆகும்வரை பெரிய நூல் எதையும் வெளியிடுவதில்லை என்று எல்லிஸ் முடிவு செய்திருந்ததாகச் சொல்வார்கள். அதனால் ஆய்வுகள் பெரும்பாலும் கையெழுத்துப் பிரதிகளாகவே இருந்தன. தென் மாவட்டப் பயணத்தில் இருந்தபோது, 1819 மார்ச் மாதம் ராமநாதபுரத்தில் திடீரென இறந்தார். தவறுதலாக உட்கொண்ட நஞ்சே காரணம் என்கின்றன பதிவுகள்.

அவர் காகிதங்களுக்கு நேர்ந்த கதி இன்னும் கொடுமை. அப்போது மதுரை கலெக்டராக இருந்தவர் ரவுஸ் பெட்ரி. அவர் வீட்டுச் சமையல்காரர் மாதக்கணக்கில் அடுப்பு பற்றவைக்கவும், கோழியை வாட்டவும் அந்தக் காகிதங்களைத்தான் பயன்படுத்தினார் என்று கேள்விப்பட்டதைப் பின்னாளில் பதிவு செய்தார் வால்டர் எலியட். தப்பித்தவற்றில் ஒரு பகுதி இன்று ஆக்ஸ்போர்டின் போட்லியன் நூலகத்தில் இருக்கிறது.

பெயர் யாருக்குப் போனது?

1856-ல் கால்டுவெல்லின் ஒப்பிலக்கண நூல் வந்தது. எல்லிஸைவிட மிக விரிவான வேலை அது. திராவிட மொழிக் குடும்பம் என்றாலே கால்டுவெல் என்று ஆனது. எல்லிஸின் பங்கை விரிவாக வெளிக்கொண்டு வந்தது, அமெரிக்க வரலாற்றாசிரியர் தாமஸ் டிரவுட்மன் 2006-ல் வெளியிட்ட நூல்.

இன்று மொழியியலாளர்கள் வரையும் மரத்தில், தமிழும் மலையாளமும் கொஞ்ச தூரம் ஏறினாலே சந்தித்துவிடும். தமிழும் தெலுங்கும் சந்திக்க இன்னும் மேலே போகணும். சமஸ்கிருதம் வேறொரு மரம். அந்த எல்லைக்கோட்டை முதலில் ஆதாரத்தோடு அச்சில் போட்டவர் எல்லிஸ். அவர் வேறென்ன எழுதி வைத்திருந்தார் என்பதில் பெரும்பகுதி, மதுரை அடுப்புச் சாம்பலோடு போய்விட்டது.