சேலத்தில் ஒரு சினிமா ஃபேக்டரி

கள்ளக்குறிச்சியில் பஸ் ஏறி, கல்வராயன் மலையை வலது பக்கம் விட்டுட்டு சின்னசேலம், ஆத்தூர் வழியா போனா சேலம். அங்கே ஏற்காடு ரோட்டில் 'மாடர்ன் தியேட்டர்ஸ்' என்ற பழைய நுழைவு வளைவு ஒண்ணு நிக்குது. பேரைப் பார்த்து சினிமா கொட்டகைன்னு நினைச்சுடாதீங்க. அது ஒரு ஸ்டுடியோ. கட்டினவர் நம்மள மாதிரி இன்ஜினியரிங் படிச்சவர்!

டி.ஆர்.சுந்தரம் 1907-ல் திருச்செங்கோட்டில் பிறந்தார். இங்கிலாந்தின் லீட்ஸ் நகரில் டெக்ஸ்டைல் இன்ஜினியரிங் படித்தார். கிளாடிஸ் என்ற ஆங்கிலேயப் பெண்ணை மணந்து ஊர் திரும்பினார். மில் ஆரம்பிப்பார்னுதான் யாரும் நினைச்சிருப்பாங்க. அவரோ சினிமாவுக்குள் இறங்கினார்.

தமிழ் பேசும்படத்தின் ஆரம்ப வருஷங்களில், படம் எடுக்கணும்னா மொத்தக் குழுவும் கல்கத்தாவுக்கோ பம்பாய்க்கோ ரயிலேறணும். ஸ்டுடியோ வாடகை, சாப்பாடு, தங்கும் செலவு எல்லாம் தினமும் ஏறும். ஒரு நடிகர் லேட்டா வந்தாலும் நஷ்டம் முதலாளிக்குத்தான். ஏஞ்சல் பிலிம்ஸில் கூட்டாளியாக இருந்து தொழிலைத் தெரிந்துகொண்ட சுந்தரம், 1935-ல் சேலத்திலேயே மாடர்ன் தியேட்டர்ஸைத் தொடங்கினார். முதல் படம் 'சதி அகல்யா' 1937-ல் வெளிவந்தது.

அவர் செஞ்ச பெரிய வேலை என்னன்னா, சினிமாவை ஒரு ஆலை மாதிரி நடத்தினதுதான். படப்பிடிப்புத் தளம், ஒலிப்பதிவு, லேப் எல்லாம் ஒரே காம்பவுண்டுக்குள். எழுத்தாளர், நடிகர், டெக்னீஷியன் எல்லாருக்கும் மாதச் சம்பளம். நேரம்னா நேரம்தான். இந்தக் கண்டிப்பு எல்லாருக்கும் இனிச்சிருக்காது. ஆனா மாசம் பொறந்தா சம்பளம் வரும் என்ற நம்பிக்கை, சினிமாத் தொழிலாளிக்கு அன்னைக்குச் சின்ன விஷயம் இல்லை.

பலன் கையில் தெரிஞ்சது. மலையாளத்தின் முதல் பேசும்படமான 'பாலன்' (1938) இவர் தயாரிப்பு. 1940-ல் பி.யு.சின்னப்பா இரட்டை வேடத்தில் நடித்த 'உத்தமபுத்திரன்'. 1950-ல் கலைஞர் வசனம் எழுதி எம்.ஜி.ஆர். நடித்த 'மந்திரிகுமாரி'. 1956-ல் தமிழின் முதல் முழுநீள வண்ணப் படமான 'அலிபாபாவும் 40 திருடர்களும்'. கலர் பிலிமுக்கு வெளிச்சம் அதிகம் வேணும், பிலிம் விலையும் அதிகம். ஒழுங்கா கணக்குப் போடுறவரால்தான் அந்த ரிஸ்க்கை எடுக்க முடியும். 1961-ல் மலையாளத்தின் முதல் வண்ணப் படமான 'கண்டம் பெச்ச கோட்டு' படத்தையும் அவரே இயக்கினார்.

1963-ல் சுந்தரம் காலமானார். மகன் ராமசுந்தரம் பொறுப்பேற்று, ஜெய்சங்கரை வைத்து 'வல்லவன் ஒருவன்', 'சி.ஐ.டி. சங்கர்' போன்ற படங்களைத் தயாரித்தார். நூற்றுக்கும் மேல் படம் தந்த அந்த ஸ்டுடியோ பிறகு ஓய்ந்துபோனது. படம் பார்த்த பல பேருக்கு நடிகர்கள் பேர் ஞாபகம் இருக்கு, சுந்தரம் பேர் இல்லை. திரைக்குப் பின்னாடி நிக்கிறவங்க நிலைமை அதுதான்.

இன்ஜினியரிங் படிச்சிட்டு சினிமாவுக்கா போறேன்னு வீட்டில் கேட்டா, இவரைச் சொல்லுங்க. படிச்ச படிப்பை அவர் விட்டுட்டுப் போகலை. தறிக்குப் பதிலா கேமராவை வச்சு, அதே படிப்பைத்தான் ஓட்டிக் காட்டினார். அதுவும் தலைநகரத்துக்குப் போகாம, பக்கத்து ஊர்லயே.