தோற்றவரைக் கேலி செய்யாத தளபதி



இந்த மாதச் சுவர் இதழுக்கு ஒரு தலைவரின் வாழ்க்கை வரலாறு எழுதித் தரும்படி வரலாறு சார் சொன்னாங்க. நான் முதலில் ஆபிரகாம் லிங்கனைத்தான் நினைத்தேன். ஆனா லிங்கனைப் பற்றிப் போன வருஷமே பன்னிரண்டாம் வகுப்பு அக்கா ஒருத்தங்க எழுதிட்டாங்க. சரி, லிங்கன் காலத்து உள்நாட்டுப் போரைப் பற்றிப் படிப்போம் என்று நூலகத்தில் உட்கார்ந்தேன். அங்கேதான் இவர் கிடைத்தார். லிங்கனுக்காகப் போர்க்களத்தில் நின்று ஜெயித்துக் கொடுத்த தளபதி யுலிசிஸ் கிராண்ட். அமெரிக்காவின் 50 டாலர் நோட்டில் தாடியோடு இருப்பவர் இவர்தான்.

இவரை நான் எடுத்துக்கிட்டதுக்குச் சொந்தக் காரணம் ஒன்றும் இருக்கு. அதைக் கடைசியில் சொல்றேன்.

ரத்தம் பிடிக்காத சிறுவன்

1822 ஏப்ரல் 27ஆம் தேதி ஒஹையோ மாநிலத்தில் கிராண்ட் பிறந்தார். அப்பாவுக்குத் தோல் பதனிடும் தொழில். பச்சைத் தோலின் நாற்றமும் ரத்தமும் சிறுவனுக்குக் கொஞ்சமும் ஆகாது. பெரியவர் ஆன பிறகும், ரத்தம் தெரிகிற மாதிரி அரைவேக்காட்டு இறைச்சி வைத்தால் தொட மாட்டாராம். அவருக்குப் பிடித்தது குதிரைகள் மட்டும்தான். எப்பேர்ப்பட்ட முரட்டுக் குதிரையும் அவர் கைக்கு அடங்கும்.

வெஸ்ட் பாயிண்ட் ராணுவக் கல்லூரிக்கு அவர் ஆசைப்பட்டுப் போகவில்லை. அப்பாதான் அனுப்பினார். இவருடைய உண்மைப் பெயர் ஹைரம் யுலிசிஸ் கிராண்ட். சேர்க்கைத் தாளில் யாரோ தப்பாக யுலிசிஸ் எஸ். கிராண்ட் என்று எழுதிவிட, அதுவே கடைசி வரை நிலைத்துவிட்டது. பெயரையே தப்பா எழுதிட்டாங்களேன்னு நாம கவலைப்படறோம் இல்லையா, ஜனாதிபதிக்கே அந்தக் கதிதான்! 1843இல் 39 பேர் படித்த வகுப்பில் 21ஆவது ஆளாகத் தேறி வெளியே வந்தார்.

தோல்விமேல் தோல்வி

மெக்சிகோ போரில் நன்றாகவே சண்டையிட்டார். 1848இல் ஜூலியாவைத் திருமணம் செய்தார். அதன்பின் மனைவி, பிள்ளைகளை விட்டுத் தூரத்தில், பசிபிக் கடற்கரையில் வேலை. தனிமை அவரை வாட்டியது. குடிக்கிறார் என்ற பேச்சும் கிளம்பியது. 1854இல் வேலையை விட்டுவிட்டு ஊர் திரும்பினார். வழியில் நியூயார்க்கில் கையில் காசு இல்லை. அப்போது சைமன் பக்னர் என்ற பழைய கல்லூரி நண்பர் விடுதிக் கணக்குக்குப் பொறுப்பேற்று அவரைக் காப்பாற்றினார். இந்தப் பக்னரை மறந்துடாதீங்க, மறுபடியும் வருவார்.

பிறகு விவசாயம் செய்தார், சரிப்படவில்லை. செயின்ட் லூயிஸ் தெருக்களில் விறகு விற்றார். 1857 கிறிஸ்துமஸுக்கு இரண்டு நாள் முன்னால் தன் தங்கக் கடிகாரத்தை 22 டாலருக்கு அடகு வைத்தார்.

இந்த நேரத்தில் நடந்த ஒரு விஷயம் என்னை யோசிக்க வைத்தது. கிராண்டின் மாமனார் அடிமைகளை வைத்திருந்தவர். அவர் மூலமாக வில்லியம் ஜோன்ஸ் என்ற கறுப்பின மனிதர் கிராண்டுக்கும் அடிமையாக வந்திருந்தார். ஆமாம், கிராண்டும் ஒரு மனிதரைச் சொத்தாக வைத்திருந்தார், அதை மறைக்கக் கூடாது. ஜோன்ஸை விற்றிருந்தால் பல நூறு டாலர் கிடைத்திருக்கும், கஷ்டம் தீர்ந்திருக்கும். ஆனால் 1859 மார்ச்சில் நீதிமன்றத்துக்குப் போய், ஒரு காசும் வாங்காமல் எழுதிக் கொடுத்து அவரை விடுதலை செய்தார்.

1860இல் வேறு வழியில்லாமல் இல்லினாய்ஸ் மாநிலம் கலீனா ஊரில் அப்பாவின் தோல் கடையில் போய் உட்கார்ந்தார். சின்ன வயசிலிருந்து பிடிக்காத அதே தோல் வியாபாரம்! அப்போது அவருக்கு வயது 38.

போர் வந்தது

அமெரிக்காவின் தென் மாநிலங்கள் பருத்தி, புகையிலைத் தோட்டங்களை நம்பி இருந்தன. அந்தத் தோட்டங்களில் உழைத்தவர்கள் அடிமைகள். 1860 கணக்கெடுப்பின்படி அடிமைகள் ஏறக்குறைய 40 லட்சம் பேர். அடிமை முறை புதிய பகுதிகளுக்குப் பரவக் கூடாது என்று சொன்ன லிங்கன் அந்த ஆண்டு ஜனாதிபதியாகத் தேர்ந்தெடுக்கப்பட்டார். உடனே தென் மாநிலங்கள் ஒவ்வொன்றாகப் பிரிய ஆரம்பித்தன. மொத்தம் 11 மாநிலங்கள் பிரிந்து தனிக் கூட்டமைப்பு அமைத்தன. 1861 ஏப்ரல் 12ஆம் தேதி சம்டர் கோட்டைமேல் தென்பகுதியினர் பீரங்கியால் சுட்டார்கள். அண்ணன் தம்பிகளே எதிரெதிர்ப் பக்கம் நின்ற போர் தொடங்கியது.

பயிற்சி பெற்ற அதிகாரிகள் தேவைப்பட்டதால் கிராண்டுக்கு ஒரு படைப்பிரிவு கிடைத்தது. முதல் தடவை எதிரி முகாமை நோக்கிப் போனபோது நெஞ்சு திக்திக்கென்று அடித்ததாம். போய்ப் பார்த்தால் எதிரி முகாமைக் காலி செய்துவிட்டு ஓடியிருந்தான்! நாம் பயப்படுகிற அளவுக்கு எதிரியும் நம்மைப் பார்த்துப் பயப்படுகிறான் என்று அன்றைக்குப் புரிந்துகொண்டார். பரீட்சைக்குப் பயப்படுகிற நமக்கும் இது ஒரு பாடம்தான் (வினாத்தாள் மட்டும் பயந்து ஓடாது!).

1862 பிப்ரவரியில் டொனல்சன் கோட்டையை முற்றுகையிட்டார். உள்ளே இருந்த தென்படைத் தலைவர் யார் தெரியுமா? அந்தச் சைமன் பக்னர்! நண்பர் ஆயிற்றே என்று கிராண்ட் இளகவில்லை. நிபந்தனை இல்லாமல் சரணடையச் சொல்லிவிட்டார். 12,000க்கும் மேற்பட்ட வீரர்கள் சரணடைந்தார்கள். எல்லாம் முடிந்த பிறகு பக்னரைத் தனியே சந்தித்து, செலவுக்கு வேண்டுமென்றால் என் பணத்தை எடுத்துக்கொள் என்று தன் பணப்பையை நீட்டினார். இதைப் பின்னாளில் சொன்னவர் பக்னரேதான்.

அதே ஆண்டு ஏப்ரலில் ஷைலோ என்ற இடத்தில் இரண்டு நாள் சண்டை. இறந்தவர், காயம்பட்டவர், காணாமல் போனவர் என்று இரு பக்கமும் சேர்த்து 23,000க்கு மேல். முதல் நாள் இரவு நல்ல மழை. ஒதுங்க இருந்த ஒரே வீட்டில் காயம்பட்டவர்களுக்குக் கை கால்களை அறுத்துக்கொண்டிருந்தார்கள். அதைப் பார்க்க முடியாமல் கிராண்ட் திரும்பி வந்து மழையிலேயே மரத்தடியில் கிடந்தார். தோல் கூடத்தில் ரத்தம் பார்க்க முடியாத அந்தச் சிறுவன் உள்ளே அப்படியே இருந்திருக்கிறான்.

அவர் தப்பே செய்யாதவர் இல்லை. 1862 டிசம்பரில் தன் பகுதியிலிருந்து யூதர்கள் எல்லாரும் வெளியேற வேண்டும் என்று உத்தரவு போட்டார். சில வியாபாரிகள்மேல் இருந்த கோபத்தை ஒரு இனத்தின்மேலேயே காட்டியது பெரிய அநியாயம். லிங்கன் அதை ரத்து செய்தார். கிராண்டும் பிற்காலத்தில் அதற்காக வருந்தினார்.

1863 ஜூலை 4ஆம் தேதி, 47 நாள் முற்றுகைக்குப் பிறகு விக்ஸ்பர்க் நகரம் சரணடைந்தது. மிசிசிப்பி ஆறு முழுவதும் வடபகுதியின் கைக்கு வந்தது. 1864 மார்ச்சில் லிங்கன் அவரை எல்லாப் படைகளுக்கும் தலைவர் ஆக்கினார். எதிரே நின்றவர் தென்பகுதியின் பெரும் தளபதி ராபர்ட் லீ. ஒன்றரை மாதச் சண்டையில் கிராண்ட் பக்கம் மட்டும் சுமார் 55,000 பேர் இறந்தோ காயமுற்றோ காணாமலோ போனார்கள். பத்திரிகைகள் அவரைக் கசாப்புக்காரர் என்று திட்டின. கோல்ட் ஹார்பரில் கடைசியாகத் தாக்கச் சொன்னதற்காகச் சாகும்வரை வருத்தப்பட்டார்.

இந்தப் போரில் சுமார் 1,80,000 கறுப்பின வீரர்கள் வடக்குப் படையில் சேர்ந்து போராடினார்கள். பிடிபட்ட வீரர்களை மாற்றிக்கொள்ளலாம் என்று லீ கேட்டபோது, கறுப்பின வீரர்களையும் மற்றவர்களைப் போலவே திருப்பித் தருவீர்களா என்று கேட்டார் கிராண்ட். முன்பு அடிமைகளாக இருந்தவர்களைத் தர முடியாது என்று லீ சொல்ல, அப்படியானால் மாற்றமே இல்லை என்று மறுத்துவிட்டார்.

அபோமாட்டக்ஸ் வீட்டில்

1865 ஏப்ரல் 9. வர்ஜீனியாவில் அபோமாட்டக்ஸ் என்ற சிற்றூரில் ஒரு வீட்டின் முன்னறை. லீ புத்தம்புது உடையில், இடுப்பில் அழகான வாளோடு வந்திருந்தார். ஜெயித்த கிராண்டோ சேறு படிந்த சாதாரணச் சிப்பாய்ச் சட்டையில் வந்தார்.

கைது இல்லை, தண்டனை இல்லை. ஆயுதங்களை ஒப்படைத்துவிட்டு எல்லாரும் வீட்டுக்குப் போகலாம். சொந்தக் குதிரை, கோவேறு கழுதை வைத்திருந்தவர்கள் உழவுக்காக அவற்றைக் கொண்டுபோகலாம். பசியோடு இருந்த லீயின் படைக்கு 25,000 பேருக்கான உணவும் அனுப்பினார். வெற்றிச் செய்தி கேட்டதும் வடக்கு வீரர்கள் பீரங்கி வெடித்துக் கொண்டாட ஆரம்பித்தார்கள். கிராண்ட் உடனே ஆள் அனுப்பி நிறுத்தினார். தோற்றவர்களும் நம் நாட்டு மக்கள்தான், அவர்கள் வீழ்ந்ததைக் கொண்டாடக் கூடாது என்பது அவர் எண்ணம்.

ஐந்தே நாளில் லிங்கன் சுடப்பட்டார். நாடே கொதித்தது. லீமேல் தேசத்துரோக வழக்குப் போட்டார்கள். நான் கொடுத்த வாக்கை மீறினால் பதவியை விட்டுவிடுவேன் என்று கிராண்ட் உறுதியாக நின்றார். வழக்கு கைவிடப்பட்டது.

நான்கு ஆண்டுப் போரில் 6 லட்சத்துக்கும் அதிகமான வீரர்கள் இறந்தார்கள். 1865 டிசம்பரில் அடிமை முறை சட்டப்படி ஒழிந்தது.

மன்னிப்பு மட்டும் போதுமா?

போதாது என்பதும் கிராண்டின் வாழ்க்கையிலேயே தெரிகிறது. விடுதலை பெற்ற கறுப்பின மக்களைத் தெற்கில் நிம்மதியாக வாழ விடவில்லை. முகமூடி போட்ட கு கிளக்ஸ் கிளான் கும்பல்கள் ராத்திரியில் வந்து அடித்தன, கொன்றன. 1869இல் ஜனாதிபதியான கிராண்ட் இதைப் பார்த்துக்கொண்டு சும்மா இருக்கவில்லை. இனத்தைக் காட்டி வாக்குரிமையை மறுக்கக் கூடாது என்ற 15ஆவது திருத்தம் 1870இல் நிறைவேறியது. 1871இல் கிளானை ஒடுக்கச் சட்டம் வந்தது. தென் கரோலினாவுக்குப் படையையே அனுப்பிப் பலரைக் கைது செய்து, அந்தக் கும்பலை உடைத்தார்.

ஆனால் அவர் ஆட்சியில் கூட இருந்தவர்கள் ஊழல் செய்தார்கள், 1873இல் பொருளாதாரமும் சரிந்தது. வடக்கு மக்களுக்கும் சலிப்பு வந்துவிட்டது. 1877இல் அவர் பதவி விட்டு இறங்கியதும் புதிய ஆட்சி, தெற்கில் காவலுக்கு நின்ற படைகளை விலக்கிக்கொண்டது. கறுப்பின மக்களின் வாக்குரிமை மெல்ல மெல்லப் பறிபோனது. அது உறுதியாகத் திரும்பக் கிடைக்க 1965 வரை காத்திருக்க வேண்டியதாயிற்று.

கடைசிப் போர்

பதவிக்குப் பிறகு உலகம் சுற்றினார். 1879இல் நம் நாட்டுக்கும் வந்து பம்பாய், ஆக்ரா, கல்கத்தா எல்லாம் பார்த்தார். 1884இல் கூட்டாளி ஒருவர் ஏமாற்றியதில் பணம் முழுவதும் போனது. அதே ஆண்டு தொண்டையில் புற்றுநோய். மனைவிக்கு ஏதாவது விட்டுச் செல்ல வேண்டுமே என்று, விழுங்கவே முடியாத வலியில் உட்கார்ந்து தன் நினைவுகளை எழுதினார். எழுதி முடித்த சில நாளில், 1885 ஜூலை 23ஆம் தேதி இறந்தார். எழுத்தாளர் மார்க் ட்வைனின் பதிப்பகம் வெளியிட்ட அந்தப் புத்தகத்தால் ஜூலியாவுக்குச் சுமார் 4,50,000 டாலர் கிடைத்தது.

நியூயார்க்கில் நடந்த இறுதி ஊர்வலத்தில் மரியாதை செலுத்த நியமிக்கப்பட்டவர்களில் தென்படைத் தளபதிகளும் இருந்தார்கள். அவர்களில் ஒருவர் சைமன் பக்னர்.

என் காரணம்

இப்போ என் விஷயத்துக்கு வர்றேன். போன மாசம் விளையாட்டு விழா கபடி இறுதிப் போட்டியில் எங்க பிரிவு ஒரே ஒரு பாயிண்டில் ஜெயிச்சது எல்லாருக்கும் தெரியும். மைதானத்தைச் சுற்றி ஊளையிட்டு, தோற்ற பிரிவைக் கேலி பண்ணினதில் நான்தான் முன்னாடி நின்றேன். அவங்க கேப்டன் என் பக்கத்து வீட்டுக்காரன். ஆறாம் வகுப்பிலிருந்து ஒரே சைக்கிளில் பள்ளிக்கூடம் வருவோம். அன்றிலிருந்து பேச்சு நின்றுவிட்டது.

உங்களுக்குத் தெரியாதது ஒன்று இருக்கு. கடைசியில் அவன் பாடி வந்தபோது அவன் விரல் என் காலில் பட்டது. நடுவர் கவனிக்கலை. படவே இல்லைன்னு நான் சாதிச்சேன்.

கிராண்டைப் படித்தபோது முதலில் பீரங்கியை நிறுத்தின இடத்தில் வெட்கம் வந்தது. மன்னிப்புக் கேட்டால் போதும்னு நினைத்தேன். மேலே படிக்கப் படிக்க, கையைக் குலுக்கிட்டு அநியாயத்தை அப்படியே விட்டுட்டா அது சமாதானம் ஆகாதுன்னு புரிஞ்சுது. அதனால் முதலில் உடற்கல்வி சாரிடம் போய் உண்மையைச் சொன்னேன். எங்க பிரிவுப் பசங்களுக்கு என்மேல் கோபம்தான், அது நியாயமும்கூட. அப்புறம் அவன் வீட்டுக்குப் போனேன். அவன் ஒன்றும் சொல்லலை. அவன் அம்மா காபி கொடுத்தாங்க.

நேற்று இரண்டு பேரும் ஒரே சைக்கிளில்தான் வந்தோம். மிதித்தது நான்.



— பதினொன்றாம் வகுப்பு ‘அ’ பிரிவு மாணவன்