சலில் சௌத்ரியின் இரவல்

சலில் சௌத்ரி பிறநாட்டு மெட்டுக்களை இரவல் கொண்டவரல்லரோ என மாணவரொருவர் என்னை வினவினார். கொண்டவரே. 1958ஆம் ஆண்டு வெளிவந்த 'மதுமதி' என்னும் இந்திப் படத்திற் போலந்து நாட்டார் பாடலொன்றையும், 1961இன் 'சாயா'விலே மோசார்ட்டின் நாற்பதாவது சிம்பொனியின் தொடக்கத்தையும் எடுத்தாண்டார். ஆயின், அவை அவர்க்கு அயலல்ல என்பேன். அசாம் தேயிலைத் தோட்டத்திலே, மருத்துவராயிருந்த தந்தையாரின் இசைத்தட்டுக்களில் மேனாட்டிசையையும், வெளியே தொழிலாளர் பாட்டையும் ஒருசேரக் கேட்டு வளர்ந்தவர் அவர். நாற்பதுகளில் வங்காளத்து உழவர் போராட்டங்களுக்குப் பாட்டெழுதியவரும் அவரே. மலையாளச் 'செம்மீன்' (1965) படத்திலே கடலோரத்தார் துயரை அத்துணை நெருங்கி இசைத்தவர் ஒரு வங்காளியென்பது இன்றும் எனக்கு வியப்பே. மட்டக்களப்பிற் பிறந்த பாலு மகேந்திராவும் 1979இல் 'அழியாத கோலங்கள்' எடுத்தபோது அவரையே நாடினார். சலில் சௌத்ரி 1995இற் கல்கத்தாவிற் காலமானார்.