பித்தன் என்றார்கள்… பிறகு பேட்டைக்கே பேர் வைத்தார்கள்!

(குணங்குடி மஸ்தான் சாகிபு வாழ்க்கை)



எட்டாம் வகுப்புத் தமிழ்ப் பாடத்தில் ‘மெய்ஞ்ஞான ஒளி’ என்று ஒரு செய்யுள் படித்தோமே, நினைவிருக்கா? நூல்வெளியில் இருந்த நாலு வரியைப் பரீட்சைக்கு மனப்பாடம் செய்துவிட்டு மறந்துவிட்டோம். அதைப் பாடியவர்தான் குணங்குடி மஸ்தான் சாகிபு. அவர் வாழ்க்கை நாலு வரியில் அடங்குவது இல்லை. அதில் நம்ம திருச்சிக்கும் ஒரு முக்கியமான பங்கு உண்டு. வாருங்கள், பார்ப்போம்!

பிறப்பும் படிப்பும்

இராமநாதபுரம் சீமையில் தொண்டி என்ற கடற்கரை ஊருக்குப் பக்கத்தில் இருக்கும் சிற்றூர் குணங்குடி. அங்கே 1792-ல் பிறந்தார். பெற்றோர் வைத்த பெயர் சுல்தான் அப்துல் காதிர். அப்பா நயினார் முகம்மது, அம்மா பாத்திமா.

அந்தக் காலம் அமைதியான காலம் இல்லை. அவருக்கு ஒன்பது வயது ஆனபோது, 1801-ல், சிவகங்கைச் சீமையை ஆண்ட மருது சகோதரர்களை வெள்ளையர்கள் திருப்பத்தூரில் தூக்கிலிட்டார்கள். அதே ஆண்டு ஆற்காடு நவாபின் ஆட்சியும் கம்பெனியார் கைக்குப் போய்விட்டது. பழைய பாளையம், பழைய அரண்மனை எல்லாம் கண்முன்னே சரிந்தன. இன்றைக்கு ராஜா, நாளைக்கு ஒன்றுமில்லை என்பதைக் கண்ணால் பார்த்த தலைமுறை அது.

சிறுவன் அப்துல் காதிரைக் கீழக்கரைக்குப் படிக்க அனுப்பினார்கள். அங்கே தைக்கா சாகிபு என்று எல்லோரும் மரியாதையாக அழைத்த பெரிய ஆலிமிடம் அரபும் மார்க்கக் கல்வியும் கற்றார். தமிழிலும் நல்ல தேர்ச்சி. அப்படியே இருந்திருந்தால் ஊரே மதிக்கும் ஆலிமாக, வசதியாக வாழ்ந்திருக்கலாம்.

கல்யாணம் வேண்டாம்!

வீட்டில் தாய்மாமன் மகளைப் பேசி முடிக்கப் பார்த்தார்கள். நம்ம பக்கம் மாதிரிதான், முறைப்பெண் இருக்கும்போது வெளியே ஏன் தேடணும் என்ற எண்ணம். ஆனால் பையன் மனசு வேறு எங்கோ இருந்தது. திருமணம் வேண்டாம் என்று சொல்லிவிட்டு, பதினேழு வயதிலேயே வீட்டை விட்டுப் புறப்பட்டுவிட்டார் என்று அவர் வரலாற்றை எழுதியவர்கள் சொல்கிறார்கள்.

இதைப் படித்துவிட்டு யாரும் வீட்டை விட்டு ஓடிப் போக வேண்டாம்! அவர் படிப்புக்குப் பயந்து போகவில்லை. படித்ததுக்கு மேலே என்ன இருக்கு என்று தேடிப் போனார்.

திருச்சியில் கிடைத்த குரு

1813-ல் நம்ம திருச்சிக்கு வந்தார். மௌலவி ஷாம் சாகிபு என்ற பெரியவரிடம் தீட்சை பெற்றார். சூஃபி வழியில் குருவின் கையைப் பிடித்து உறுதிமொழி எடுப்பது மிகப் பெரிய விஷயம். அப்போது அவருக்கு வயது 21.

ஏன் திருச்சி? நகரத்தில் நத்தர்வலி தர்கா இருக்கிறது அல்லவா? ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்னால் மேற்கே ஒரு நாட்டில் அரசராக இருந்தவர், அரியணையை விட்டுவிட்டு ஃபக்கீராக இங்கே வந்து சேர்ந்தார் என்பது அந்தத் தர்காவின் வரலாறாக மக்கள் சொல்வது. நவாப் வாலாஜா 1795-ல் சென்னையில் இறந்தபோதும் அவர் உடலை அந்தத் தர்காவில் கொண்டு வந்துதான் அடக்கம் செய்தார்கள். அங்கே இந்துக்களும் போய் வேண்டிக்கொள்கிறார்கள்.

இன்னொரு பக்கம் மலைக்கோட்டை. அந்த மலைச்சாமியின் பெயரையே தன் பெயராகக் கொண்ட தாயுமானவர், திருச்சியில் நாயக்க மன்னரிடம் வேலை பார்த்து, பிறகு எல்லாம் துறந்து போனவர். அவர் பாடிய பராபரக்கண்ணி தமிழ்நாடு முழுக்கப் பரவியிருந்தது. பின்னாளில் நம் மஸ்தானும் அதே கண்ணி வடிவத்தில் பாடினார். துறவு என்றால் என்ன என்பதற்குத் தர்கா பக்கம் ஒரு கதை, மலைக்கோட்டைப் பக்கம் ஒரு கதை. இரண்டும் ஒரே ஊரில்!

மலையும் குப்பைமேடும்

தீட்சை பெற்ற பிறகு அவர் ஓரிடத்தில் நிலைக்கவில்லை. திருப்பரங்குன்றம் சிக்கந்தர் மலையில் 40 நாள் தனித்திருந்தார் என்பார்கள். சதுரகிரி, புறாமலை, நாகமலை என்று காடும் மலையுமாகத் திரிந்தார். கந்தல் உடுத்தினார். குப்பைமேட்டில் கூடப் படுத்துக் கிடந்தாராம்.

பார்த்தவங்க என்ன சொல்லியிருப்பாங்க? பைத்தியம்னுதான்! ‘மஸ்தான்’ என்ற பாரசீகச் சொல்லுக்கே மயக்கத்தில் இருப்பவர், பித்தர் என்று பொருள். அது அவர் அப்பா அம்மா வைத்த பேர் இல்லை. ஊர் வைத்த பேர். அந்தப் பேரே நிலைத்துவிட்டது.

லெப்பைக்காட்டில்

கடைசியில் சென்னைக்குப் போய்ச் சேர்ந்தார். இராயபுரம் பக்கம் லெப்பைக்காடு என்று ஓர் இடம், மூங்கிலும் முள்ளும் மண்டிக் கிடந்த இடம். அங்கேதான் தங்கினார். மெல்ல மெல்ல ஆட்கள் தேடி வர ஆரம்பித்தார்கள். தொண்டியில் இருந்து வந்தவர் என்பதால் தொண்டியார் என்று அழைத்தார்கள். அதனால்தான் அந்தப் பகுதிக்குத் தண்டையார்பேட்டை என்ற பெயர் வந்தது என்று சொல்வார்கள். தொண்டியார்பேட்டை தேய்ந்து தண்டையார்பேட்டை!

வந்தவர்கள் முஸ்லிம்கள் மட்டும் இல்லை. பழைய தமிழ் நூல்களை அச்சில் கொண்டுவந்த திருத்தணிகை சரவணப்பெருமாளையர் இவர்மேல் நான்மணிமாலை பாடினார். ஐயாசாமி முதலியார் அந்தாதி பாடினார். யோசித்துப் பாருங்கள் நண்பர்களே! சாதி ஆசாரம் கடுமையாக இருந்த காலம். அப்போது ஓர் ஐயர், ஒரு முதலியார், கந்தல் உடுத்திய ஒரு முஸ்லிம் ஃபக்கீரைக் குரு என்று பாடியிருக்கிறார்கள்.

அவரும் அப்படித்தான் பாடினார். முகியித்தீன் ஆண்டகை மேல் ஒரு சதகம், அகத்தியர் மேல் ஒரு சதகம். இறைவனை மனோன்மணி என்று பெண்ணாக வைத்து ஒரு கண்ணி, நந்தீசுவரக் கண்ணி என்று இன்னொன்று. அல்லா ஒருவனே என்ற உறுதியை அவர் விடவில்லை. ஆனால் அதைச் சொல்வதற்குப் பக்கத்து வீட்டுக்காரருக்கும் புரிகிற தமிழை எடுத்துக்கொண்டார். அதனால்தான் சித்தர் வரிசையிலும் அவரைச் சேர்த்துச் சொல்கிறார்கள்.

1838-ல் மறைந்தார். வாழ்ந்த இடத்திலேயே அடக்கம் செய்தார்கள்.

கடல் தாண்டியும் இதே கதை

இது நம்ம நாட்டில் மட்டும் என்று நினைக்காதீர்கள். வட ஆப்பிரிக்காவில் மொராக்கோ என்ற நாடு இருக்கிறது. அங்கே அட்லஸ் மலையில் பெர்பெர் என்ற பழங்குடி மக்கள் ஆடு மேய்த்து வாழ்கிறார்கள். அவர்களும் முஸ்லிம்கள். மகான்களின் சமாதியில் ஆண்டுக்கொரு முறை கூடி விழா எடுப்பார்கள். மேய்ச்சல் நிலத்துக்கும் தண்ணீருக்கும் இரண்டு குலங்கள் சண்டை போட்டால், அந்த மகானின் வாரிசுகள் நடுவில் நின்று சமாதானம் பேசுவது அங்கே பழைய வழக்கம். அரசாங்கமும் கோர்ட்டும் எட்டாத மலையில் அந்தச் சமாதிதான் கோர்ட்!

அங்கேயும் ரோடும் பள்ளிக்கூடமும் வந்த பிறகு இதெல்லாம் மாறி வருகிறது. இங்கேயும் மாற்றம் உண்டு. தர்காவில் போய் வேண்டுவது மார்க்கத்தில் இல்லை என்று முஸ்லிம்களிலேயே ஒரு சாரார் சொல்கிறார்கள். பெரியவர்களை மதிப்பதில் என்ன தப்பு என்று இன்னொரு சாரார் கேட்கிறார்கள். அதை அவர்கள் பேசி முடிவு செய்வார்கள். நாம் தீர்ப்புச் சொல்ல வேண்டியது இல்லை.

நமக்கு என்ன?

நம்ம ஊர் மதுரை காளியம்மன் தேருக்குக் கயிறு கிடையாது, தோள்தான். ஒரு ஆள் தூக்க முடியாது. நாலு பேர் சேர்ந்தாலும் முடியாது. பக்கத்தில் தோள் கொடுக்கிறவன் யார் என்று பார்த்துக்கொண்டு நின்றால் தேர் நகராது. மஸ்தான் சாகிபின் பாட்டும் அப்படித்தான் பல பேர் தோளில் ஏறி நம்மிடம் வந்து சேர்ந்தது. முஸ்லிம் பாடினார், இந்துச் சீடர்கள் போற்றினார்கள், இன்றைக்கு எல்லோரும் வகுப்பில் படிக்கிறோம்.

ஆனால் ஒரு கேள்வி பாக்கி இருக்கிறது. கந்தல் துணியோடு அவர் இன்றைக்கு முசிறி பஸ்ஸில் ஏறி நம்ம பக்கத்து சீட்டில் உட்கார்ந்தால் நாம் நகர்ந்து இடம் கொடுப்போமா, எழுந்து போய்விடுவோமா? லெப்பைக்காட்டுக்குத் தேடிப் போன அந்த மனிதர்கள் எழுந்து போகவில்லை. அவர்களால்தான் பாட்டு நமக்குக் கிடைத்தது.

சிந்திப்போம்!

சின்னக் கேள்வி: திருச்சி மலைக்கோட்டைச் சாமியின் பெயரைக் கொண்ட ஞானி பாடிய கண்ணியின் பெயர் என்ன? (விடை இதே தாளில் இருக்கு, தேடுங்கள்!)

— ஒன்பதாம் வகுப்பு, ‘அ’ பிரிவு