இராசம்மா என்னும் ருக்மணி தேவி

சங்கத்தின் நூற்றாண்டு மலரில் எமது பாடசாலையில் ஒரு நாளும் படியாத ஒருவரைப் பற்றி எழுதுவதா என்ற கேள்வி மலர்க்குழுவிலேயே எழுந்தது. அதிபர்மார், ஆசிரியைகள், பட்டம் பெற்ற முதல் மாணவிகள் என்று எழுத வேண்டியவர்கள் எத்தனையோ பேர் இருக்க, சிங்களத் திரைப்படத்தின் முதற் கதாநாயகிக்கு இங்கே என்ன வேலை என்று சிலர் கேட்டனர். நியாயமான கேள்விதான். ஆனால் அவருடைய பிறப்புப் பெயரை வாசித்துக் காட்டியதும் கேட்டவர்களும் சற்று மௌனமானார்கள். டெய்சி இராசம்மா டானியல்ஸ். எமது பாட்டிமார் காலத்து வகுப்பு இடாப்புகளில் இராசம்மா இல்லாத வகுப்பு அரிது. வட்டுக்கோட்டையில் ஒரு தெருவுக்கு ஒரு இராசம்மா இருந்த காலம் அது. அந்தப் பெயருள்ள ஒரு பிள்ளை ருக்மணி தேவியாகி, தென்னிலங்கை முழுவதும் தன் குரலுக்குக் காதுகொடுக்கும்படி செய்த கதையைப் பழைய மாணவிகள் அறிந்திருக்க வேண்டும் என்பதே எமது எண்ணம்.

(பெயர்க் குழப்பம் வராதிருக்க ஒன்றைச் சொல்லிவிடுகிறோம். சென்னையிலே 1936 இல் கலாக்ஷேத்திராவைத் தொடங்கிய ருக்மிணி தேவி அருண்டேல் அம்மையார் வேறு, இவர் வேறு.)

1923 ஜனவரி 15 ஆந் திகதி, நுவரெலியா மாவட்டத்து இறம்பொடையிலே, தேயிலைத் தோட்டங்களின் நடுவே அவர் பிறந்தார். தந்தையார் ஜோன் டானியல்ஸ் தோட்டத்துறையில் வேலை பார்த்தவர். தாயார் ஹெலன் ரோஸ் ஓர் ஆசிரியை. கொழும்புச் செட்டிகள் என்று அழைக்கப்படும் சமூகத்தைச் சேர்ந்த கிறிஸ்தவக் குடும்பம் அது. தென்னிந்தியாவிலிருந்து வணிகத்துக்காக வந்து கொழும்பில் நிலைத்த இச்சமூகத்தவர்களின் வீடுகளில் தமிழ்ப் பெயரும் ஆங்கிலக் கல்வியும் சிங்கள அயலும் ஒன்றாகவே இருந்தன. பிள்ளைக்கு டெய்சி என்றும் இராசம்மா என்றும் ஒரே மூச்சில் பெயர் வைப்பது அங்கே புதுமையன்று.

குடும்பம் கொழும்புக்கு வந்தது. சிறுமியாக இருக்கும்போதே அவர் மேடையேறினார். இராமாயண நாடகம் ஒன்றில் சீதையாக நடித்தபோது அவருக்கு வயது பன்னிரண்டு அளவில்தான். இதை நாம் சாதாரணமாக எழுதிவிட்டோம். அந்தக் காலத்தை நினைத்துப் பார்த்தால் இது சாதாரணமன்று. எமது ஊர் கூத்துக்குப் பேர்போன ஊர். விடிய விடிய நடக்கும் வடமோடிக் கூத்துகளில் சீதையோ திரௌபதையோ யாராயிருந்தாலும் களரியில் வந்து ஆடியது முகம் மழித்த ஆண்பிள்ளை. பெண்கள் பாயை விரித்துக்கொண்டு பார்ப்பவர்களாக மட்டுமே இருந்தனர். மேடையில் ஏறிய பெண்ணுக்குக் கலியாணம் பேசி வருவார்களா என்பது எமது வீடுகளில் கேட்கப்பட்ட கேள்வி. கொழும்பிலும் நிலைமை வெகுவாக மாறியிருக்கவில்லை. அந்த நிலையில்தான் ஓர் ஆசிரியையின் மகள் பாடுவதையும் நடிப்பதையும் தொழிலாகவே எடுத்துக்கொண்டாள்.

முதலில் அவரை நாடறியச் செய்தது இசைத்தட்டு. பதினைந்து பதினாறு வயதில், எச். டபிள்யூ. ரூபசிங்க என்ற இசைக் கலைஞருடன் சேர்ந்து புத்தகயாவைப் போற்றும் பாடல் ஒன்றை அவர் பாடினார். நாய்ப்படம் போட்ட எச். எம். வி. தட்டு. இன்றைய பிள்ளைகளுக்கு விளங்காது. அந்தத் தட்டில் ஒரு பக்கத்துக்கு ஏறக்குறைய மூன்று நிமிடம்தான் பாட இடமுண்டு. பிழைத்தால் வெட்டி ஒட்ட முடியாது. முதலிலிருந்து திரும்பப் பாட வேண்டும். அப்படிப் பாடிய ஒரு கிறிஸ்தவத் தமிழ்ப் பெண்பிள்ளையின் குரலே பௌத்த வீடுகளின் பக்திக் குரலாகியது. பின்னாளில் அவருடன் பல பாடல்களைச் சேர்ந்து பாடிய மொஹிதீன் பெக், தமிழ்நாட்டுச் சேலத்திலே பிறந்து இளமையில் இலங்கை வந்த முஸ்லிம். இந்த இருவரும் சிங்கள மக்களின் மனத்தில் எவ்வளவு ஆழமாக இடம்பிடித்தார்கள் என்பதைத் தென்னிலங்கையில் படிப்பித்த எமது மூத்த மாணவிகள் நன்கு அறிவார்கள்.

ருக்மணி தேவி என்ற பெயர் நிலைத்த பிறகு, பி. ஏ. டபிள்யூ. ஜயமான்ன நடத்திய மினர்வா நாடகக் குழுவில் அவர் சேர்ந்தார். நீர்கொழும்பைச் சேர்ந்த இக்குழு ஊர் ஊராகப் போய் நாடகம் போட்டது. நடத்துநரின் தம்பி எடி ஜயமான்ன, சனங்களைச் சிரிக்கவைப்பதில் கெட்டிக்காரர். ருக்மணி தேவி மணந்தது அவரையே. நாடகத்திலே கதாநாயகிக்கு நாயகனாக வந்தது மூத்த ஜயமான்ன. கணவரோ அந்த வீட்டு வேலைக்காரனாக வந்து பகிடி விடுபவர். வாழ்க்கையில் ஒரு முறையும் மேடையில் வேறு முறையுமாக அவர்கள் பல ஆண்டுகள் ஒன்றாக உழைத்தார்கள்.

அந்த நாடகம் ‘கடவுனு பொறொந்துவ’. உடைந்த வாக்குறுதி என்று சொல்லலாம். அதுவே 1947 ஜனவரியில் முதலாவது சிங்களப் பேசும் படமாக வெளிவந்தது. அது உருவான விதத்தைக் கொஞ்சம் விரித்துச் சொல்ல வேண்டும். இலங்கையில் அப்போது படப்பிடிப்பு நிலையம் எதுவும் இல்லை. படத்தைத் தயாரித்தவர் எஸ். எம். நாயகம் என்ற தமிழர். படம் பிடிக்கப்பட்டது மதுரையில், அவருடைய சித்திரகலா மூவிடோன் நிலையத்திலே. நெறியாள்கை செய்தவர் ஜோதிஷ் சிங் என்ற வங்காளி. நாயகி இறம்பொடையில் பிறந்த இராசம்மா. சிங்களப் படத்தின் பிறந்தநாட் கதை இப்படித்தான் தொடங்குகிறது. தலைமன்னாரில் கப்பலேறி தனுஷ்கோடி போய் மதுரைக்கு ரயிலெடுப்பது எமது பெற்றோருக்குக் கோயில் யாத்திரை வழி. இந்தக் கலைஞர்களுக்கு அந்த மதுரையே தொழிற்சாலையாக இருந்தது.

படத்திலே ரஞ்சனி என்ற நாயகியாக நடித்ததும் ருக்மணி தேவிதான். அவளுக்கான பாடல்களைப் பாடியதும் அவரேதான். நடிப்பவர் ஒருவர், பாடுபவர் ஒருவர் என்ற வசதி பின்னால் வந்தது. தொண்டையும் முகமும் ஒரே ஆளுடையதாக இருக்கவேண்டிய காலத்திலே இரண்டும் அவரிடம் இருந்தன. அடுத்த ஆண்டே ‘கபட்டி ஆரக்ஷகய’ வந்தது. அதன் பின்னர் ஏராளமான படங்கள். பெயர்களை அடுக்கி மலரின் பக்கங்களை நிரப்ப நாம் விரும்பவில்லை. அவருடைய படங்களைத் திரையரங்குக்குப் போய்ப் பார்த்தவர்கள் எம்மில் மிகச் சிலரே.

நாம் அவரை அறிந்தது வானொலியால்.

கொழும்பிலே வானொலி ஒலிபரப்பு 1925 இல் தொடங்கியது. யுத்த காலத்தில் படையினருக்காக இயங்கிய பெரிய ஒலிபரப்பு நிலையம் 1949 இல் இலங்கையின் கைக்கு வந்து ‘இலங்கை வானொலி’ ஆனது. அடுத்த ஆண்டு வர்த்தக சேவை வந்தது. வட்டுக்கோட்டையில் மின்சாரம் வராத வீடுகளிலும் பற்றரியில் பாடும் பெட்டி இருந்தது. தமிழ்ச் சேவையைத் தேடி முள்ளைத் திருப்பும்போது இடையிலே சிங்களச் சேவை வந்து போகும். பொருள் விளங்காது. ஆனால் மெட்டு எமக்குத் தெரிந்த மெட்டாக இருக்கும். அக்காலத்துச் சிங்களப் படப்பாடல்கள் பல, இந்தி, தமிழ்ப் பாட்டுகளின் மெட்டிலேயே அமைந்தவை. அதனால் திருப்பிய கை அப்படியே நின்றுவிடும். அறிவிப்பாளர் ருக்மணி தேவி என்று சொல்லும்போது, அவர் இந்தியாக்காரி என்றே எம்மில் பலர் எண்ணியிருந்தோம். எமக்கு யாரும் வேறுவிதமாகச் சொல்லவுமில்லை.

அந்த மெட்டுக்கள்தாம் பின்னர் அவருடைய தலைமுறைக்குக் குறையாகச் சொல்லப்பட்டன. சுதந்திரத்தின் பின் சிங்கள இசை தன் சொந்தக் காலில் நிற்க வேண்டும் என்ற எண்ணம் வலுப்பெற்றது. அது தவறென்று நாம் சொல்லமாட்டோம். நாமும் எமது பண்ணையும் நாட்டார் பாடலையும் தேடித்தானே போனோம். 1956 இல் லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ் ‘ரேகாவ’ படத்தை நிலையத்துக்கு வெளியே, இலங்கையின் கிராமத்து வெயிலிலேயே எடுத்தார். மதுரை, சென்னை நிலையங்களில் எடுத்த படங்கள் அதன் பின்னர் பழைய பாணியாகிவிட்டன. அதே ஆண்டில்தான் சிங்களம் மட்டும் சட்டமும் வந்தது. படமும் சட்டமும் ஒன்றல்ல, ஒன்றோடொன்று முடிச்சுப் போடுவதும் சரியல்ல. ஆயினும் இந்தியாவின் வாடை அடிக்கும் எதையும் கழித்துப் பார்க்கும் ஒரு காலம் பிறந்திருந்தது. அந்தக் காலத்திலும் ருக்மணி தேவியைச் சிங்கள இரசிகர் கழித்துவிடவில்லை என்பதை நாம் குறித்துவைக்க வேண்டும். புதிய நடிகைகள் வந்தனர். பின்னணி பாடும் முறை வந்தது. அவருக்குக் கிடைத்த பாத்திரங்களின் வயது கூடியது. பெயர் மட்டும் மங்கவில்லை.

பெயர் மங்காதிருப்பதும் வீட்டில் அடுப்பெரிவதும் ஒன்றல்ல. எமது நாட்டில் நாடகத்திலும் திரையிலும் உழைத்தவர்களுக்கு ஆசிரியைமாருக்குப் போல அக்காலத்தில் ஓய்வூதியம் இருக்கவில்லை. ஐம்பது வயதைத் தாண்டிய பிறகும் அவர் களியாட்ட விழா மேடைகளில் பாடினார். அந்த மேடைகள் எப்படியிருக்கும் என்று தெரியும்தானே. ஒருபுறம் இராட்டினம், மறுபுறம் சூதுக்கடை, நடுவிலே ஒலிபெருக்கி. பாடகி பாடி முடித்து வாகனத்தில் ஏறும்போது சாமம் கழிந்துவிடும். சிங்களத் திரையின் முதல் நாயகி அந்த மேடையில் நின்று பாடியதை இறக்கமென்று சிலர் நினைக்கலாம். நாம் அப்படி நினைக்கவில்லை. தெரிந்த தொழிலைச் செய்து நேர்மையாகச் சம்பாதித்தார், அவ்வளவுதான். ஆனால் முப்பது ஆண்டுக்கு மேல் ஒரு நாட்டுக்குப் பாடிய குரலை இரவு வழிப்பயணங்களுக்கு விட்டுவைத்தது குறித்து எமக்கு மனவருத்தம் உண்டு.

1978 இல் லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸின் ‘அஹசின் பொலவட்ட’ வெளிவந்தது. மதுரையில் தொடங்கியவர், புதிய சிங்களத் திரையின் மூத்த நெறியாளரின் படத்திலும் தோன்றிவிட்டார்.

அந்த ஆண்டு ஒக்டோபர் மாதம் மாத்தறையில் ஒரு களியாட்ட மேடை. பாடி முடித்து நீர்கொழும்பிலுள்ள வீட்டுக்குத் திரும்பும் வழியில், ஜா-எல துடெல்லவிலே அவர் வந்த வாகனம் விபத்துக்குள்ளானது. ஒக்டோபர் 28 ஆந் திகதி. அவருக்கு வயது ஐம்பத்தைந்து. வீடு வர இன்னும் கொஞ்சத் தூரமே இருந்தது.

எமது ஊரின் பெயர் நாடெங்கும் அடிபட்டது அதற்கு இரண்டு ஆண்டுகள் முன்பு, 1976 மே மாதம், பண்ணாகத்திலே தீர்மானம் நிறைவேறிய நாளிலிருந்து. 1977 இல் தெற்கிலே எம்மவர் அடிபட்டு, வீடிழந்து, கப்பலில் ஏற்றப்பட்டு வடக்கே வந்தனர். எமது பாடசாலை வகுப்புகளில் புதிய பிள்ளைகள் வந்து சேர்ந்ததை அப்போது படித்த மாணவிகள் மறந்திருக்கமாட்டார்கள். இது நடந்து ஓராண்டு கழிந்த நேரத்தில்தான் நீர்கொழும்பில் இராசம்மாவின் இறுதி ஊர்வலத்துக்கு ஏராளமான சிங்கள மக்கள் கூடி அழுதனர். இரண்டும் ஒரே நாட்டில், ஒரே மக்களிடையே நடந்தவை. ஒன்றைச் சொல்லி மற்றதை மறைப்பதற்காக நாம் இதை எழுதவில்லை. மலர்க்குழுவில் இந்தப் பந்தியை நீக்கிவிடலாமா என்றும் பேசினோம். உள்ளது உள்ளபடி இருக்கட்டும் என்று விட்டுவிட்டோம்.

அவர் இறந்து ஆறு மாதத்துக்குள், 1979 ஏப்ரலில், இலங்கையில் தொலைக்காட்சி வந்தது. அதில் வந்து பாட அவர் இல்லை. இலண்டனிலும் ரொறொன்ரோவிலும் மெல்பேணிலும் இருந்து இம்மலரை வாசிக்கும் சகோதரிகளில், பழைய இசைத்தட்டுகளையோ ஒலிநாடாக்களையோ பெட்டிக்கடியில் இன்னும் வைத்திருப்பவர்கள் இருக்கக்கூடும். அவற்றில் ருக்மணி தேவி என்ற பெயர் கண்டால், உறையிலே பக்கத்தில் பென்சிலால் இராசம்மா என்றும் எழுதி வைக்கும்படி கேட்டுக்கொள்கிறோம்.