வ. உ. சிதம்பரம் பிள்ளையவர்கள்

கோவிற்பட்டியைச் சூழ்ந்த கரிசற் பூமி வானம் பார்த்த பூமி. மழை பொய்ப்பின் உழவன் கை வெறுங்கையாகும். இந்நிலத்து ஒட்டப்பிடாரத்திலே, 1872-ஆம் ஆண்டு செப்டம்பர் 5-ஆம் நாள், உலகநாத பிள்ளைக்கும் பரமாயி அம்மையாருக்கும் மகனாய்த் தோன்றினார் நம் பிள்ளையவர்கள். வளர்ந்து, தந்தையாரைப் போலவே வக்கீலானார்.

கரிசலில் விளைந்த பருத்தி தூத்துக்குடித் துறையை அடையும். ஆயின் ஆங்குக் கடல் வாணிபம் ஆங்கிலக் கப்பற் கம்பெனியார் கையிலிருந்தது. நாட்டின் அடிமைத்தளை இவ்விடத்தும் இறுகியிருத்தலைக் கண்ட பிள்ளையவர்கள், 1906-ல் சுதேசிக் கப்பற் கம்பெனியை நிறுவினார். மூலதனம் பத்து லட்சம் ரூபாய். பங்கொன்று 25 ரூபாய். 'காலியா', 'லாவோ' என்னும் இரு கப்பல்கள் கொழும்புக்கு ஓடின. எதிர்க் கம்பெனியார் கட்டணத்தைக் குறைத்துப் போரிட்டனர்.

கப்பல் நம்மவருடையதாவது மட்டும் சுதந்தரமாகுமோ? உழைப்போன் வயிறு காய்ந்திருக்க நாடு விடுதலை பெறாதென்பதை அவர் செயலாலே காட்டினார். 1908 பிப்ரவரியில் கோரல் ஆலைத் தொழிலாளர் கூலி உயர்வும் ஓய்வு நாளும் வேண்டி வேலை நிறுத்தியபோது, முன்னின்று வழிநடத்தி வெற்றி காணச் செய்தார். மார்ச் 12-ஆம் நாள் அவர் சிறைப்படவே, அத்தொழிலாளர் மீண்டும் வேலை நிறுத்தினர். தமக்கெனக் கூலி கேட்டவர்கள் தலைவருக்காகக் கூலியை இழந்தனர். இதனினும் உயர்ந்த நன்றியறிதல் யாதுளது?

நீதிபதி பின்ஹே விதித்த தண்டனை நாற்பதாண்டு. மேல் முறையீட்டில் அது குறைந்தது. எனினும் கோயமுத்தூர்ச் சிறையில் செக்கிழுத்தார். 1912 டிசம்பரில் வெளிவந்தபோது கம்பெனி கலைந்திருந்தது. வக்கீல் உரிமையும் பறிபோயிருந்தது. சென்னையில் வறுமையோடு போராடினார். பின்னர் வாலஸ் என்னும் ஆங்கில நீதிபதியின் உதவியால் உரிமை மீண்டது. அந்நன்றியை மறவாது தம் மகனுக்கு வாலேசுவரன் எனப் பெயரிட்டார். அவர் பகைத்தது ஆட்சியையே, இனத்தையன்று என்பதற்கு இப்பெயரே சான்று.

உரிமை மீண்டபின் கோவிற்பட்டியில் சில ஆண்டுகள் வக்கீல் தொழில் நடத்தினார். திருக்குறளுக்கு உரை வரைந்தார்; தொல்காப்பிய இளம்பூரணர் உரையைப் பதிப்பித்தார். 1936 நவம்பர் 18-ஆம் நாள் தூத்துக்குடியில் மறைந்தார். சுதந்தரம் வரப் பதினோராண்டு எஞ்சியிருந்தது.

இன்று தூத்துக்குடித் துறைமுகம் அவர் பெயரைத் தாங்கி நிற்கின்றது. பெயரிடுதல் எளிது, இழந்தபின்னும் நேர்மை குன்றாது வாழ்தல் அரிது. பட்டம் பெற்றுத் தொழில் நாடிச் செல்லும் நம் மாணவர் கற்கவேண்டுவது கப்பலோட்டிய வீரத்தை மட்டுமன்று. அக்கப்பல் போனபின் கோவிற்பட்டியில் அமைதியாய்த் தொழில் செய்த அவ்வுறுதியையுமேயாம்.