றுட்மன் தொடுத்த மாலை

பூக்களைப் பறித்துக் குவித்தல் எளிது. எப்பூவின் அருகே எப்பூவை வைத்தல் தகும் என்றறிந்து தொடுத்தலே அரிது. செய்யுளுக்குத் தொடை எத்தகையதோ, திரைப்படத்துக்குத் தொகுப்பும் அத்தகையதே. அத்தொழிலிற் பெருந்திறன் படைத்தவராய் விளங்கியவர் ஜேர்மனியரான வால்ற்றர் றுட்மன்.

இவர் 1887 ஆம் ஆண்டு டிசெம்பர் மாதம் 28 ஆந் திகதி பிராங்போட் நகரிற் பிறந்தார். சூரிச்சிற் கட்டடக் கலையையும் மியூனிக்கில் ஓவியத்தையும் பயின்றார். முதலாம் உலகப் போரிலே படையதிகாரியாய்க் கிழக்குப் போர்முனைக்குச் சென்ற இவர், உள்ளம் நொந்து நோயுற்று, மருத்துவ நிலையத்திற் சிகிச்சை பெற்றார்.

போருக்குப் பின் ஓவியத்தை அசையச் செய்ய விழைந்தார். கண்ணாடியில் வண்ணந் தீட்டி, அதனைச் சிறிது சிறிதாய் மாற்றி, ஒவ்வொரு நிலையையும் படம் பிடித்தார். கதையும் மாந்தரும் இன்றி, வடிவமும் வண்ணமுமே இயங்கும் அப்படம் 1921 இல் வெளிவந்தது. 1924 இல் பிரிட்ஸ் லாங் என்னும் இயக்குநரின் ‘நிபெலுங்கர்’ படத்திற் பருந்துக் கனவுக் காட்சியை அமைத்தவரும் இவரே.

இவர் புகழை நிலைநாட்டியது 1927 இல் வந்த ‘பேர்லின்: மாநகரின் சிம்பொனி’. கார்ல் மேயர் கருத்தளித்தார். எட்மண்ட் மைசல் இசையமைத்தார். இயக்கித் தொகுத்தவர் றுட்மன். வைகறையிலே புகைவண்டி நகரை நோக்கி விரைகிறது, வெறுந்தெரு விழித்தெழுகிறது, ஆலைப் பொறிகள் சுழல்கின்றன, நண்பகலில் உழைப்போர் உண்கின்றனர், இரவில் விளக்குகள் ஒளிர்கின்றன. ஐந்து பகுதிகளில் ஒரு நாள் அடங்குகிறது. அதற்குக் கதைத்தலைவன் அந்நகரமே.

1930 இல் வானொலிக்கென ‘வார இறுதி’ என்னும் புதுமையான ஆக்கத்தைப் படைத்தார். அது காட்சியே இல்லாத படம். பேச்சையும் பொறியோசையும் மணியோசையும் படச்சுருளிற் பதித்து, வெட்டி ஒட்டி, ஏறத்தாழ 11 நிமிடங்களுள் அமைத்தார். வேலை ஓய்ந்து விடுமுறை பிறத்தலும், மீண்டும் வேலைநாள் வருதலும் செவிக்கே புலனாயின.

இத்துணைத் திறனிடத்தும் அறிஞர் ஒரு குறை கண்டனர். பேர்லின் படத்தில் வறியோரும் செல்வரும் அடுத்தடுத்துத் தோன்றுகின்றனர்; ஆயின் அவ்வேற்றுமை ஏன் வந்தது என்னும் வினா அங்கு எழவில்லை எனச் சீக்பிரீட் கிராக்கௌவர் கடிந்தார்.

வினவாத அவ்வியல்பு பின்னர்ப் பெரும்பழிக்கு இடமாயிற்று. 1933 இல் ஹிட்லர் ஆட்சிக்கு வந்தார். லாங் முதலியோர் நாட்டை நீங்கினர், றுட்மன் நீங்கவில்லை. உருக்கின் பெருமையைக் கூறும் ‘விண்ணின் உலோகம்’ 1935 இலும், போர்த் தாங்கிகளைப் போற்றும் ‘ஜேர்மன் தாங்கிகள்’ 1940 இலும் வெளிவந்தன. போரினால் உள்ளம் நொந்த ஒருவரே போர்க்கருவி பிறக்கும் ஆலையை அழகுறத் தொடுத்துக் காட்டினார். 1941 ஆம் ஆண்டு ஜூலை மாதம் 15 ஆந் திகதி, தம் 53 ஆவது வயதிற் பேர்லினில் மறைந்தார்.

படத்தொகுப்புப் பயில்வோர் இன்றும் பேர்லின் படத்தைப் பார்த்துப் பாடங் கற்கின்றனர். அவர் வாழ்விலே கற்றற்குரிய பாடம் மற்றொன்றும் உண்டு. மாலை தொடுக்க அறிதல் கலை. அதனை யார் தோளிற் சூட்டுகிறோம் என்று அறிதல் அறம்.